கஜாவுக்குப் பின் ஒரு தென்னந்தோப்பு: ஏழு ஆண்டுக் கணக்கு

2018 நவம்பர் 16. நள்ளிரவு தாண்டி வேதாரண்யத்தை ஒட்டிக் கரையேறிய கஜா புயல், கரையேறியதோடு ஓயவில்லை. மணிக்கு 100 கிலோமீட்டரைத் தாண்டிய காற்று நாகை, திருவாரூர், தஞ்சை, புதுக்கோட்டை மாவட்டங்களை உழுதுகொண்டே மேற்கே போய், கேரளத்தையும் கடந்து அரபிக்கடலில் இறங்கியது. விடிந்த பிறகு பட்டுக்கோட்டை, பேராவூரணி பக்கத்துத் தோப்புகளுக்குள் நின்று அண்ணாந்து பார்த்தால் வானம் தெரிந்தது. முப்பது நாற்பது வருடமாக மட்டை நிழலிலேயே கிடந்த மண், ஒரே இரவில் வெட்டவெளியானது.

புயல் சில மணி நேரத்தில் முடிந்துவிட்டது. நான் எழுத வந்தது அதற்குப் பின் வந்த ஏழு வருடத்தைப் பற்றி. இரண்டு மூன்று ஏக்கர் தென்னையை நம்பி வாழும் குடும்பத்துக்கு அந்த ஏழு வருடத்தில் என்ன நடக்கிறது, நிவாரணம் எந்த இடத்தில் கை கொடுத்தது, எந்த இடத்தில் கணக்கே தப்பாகப் போடப்பட்டது என்பதைப் பார்க்க வேண்டும். என் எண்ணத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இழப்பை நாம் மரத்தின் எண்ணிக்கையால் அளந்தோம். வருடத்தால் அளந்திருக்க வேண்டும்.

நெல் வயல் எப்படித் தோப்பானது

1934-இல் மேட்டூர் அணையோடு சேர்ந்து பாசனத்துக்கு வந்த கல்லணைக் கால்வாய்க்கு இன்றைக்கும் ஊரில் புது ஆறு என்றுதான் பெயர். காவிரி, வெண்ணாறு போலத் தானாக உருவான ஆறு இல்லை. மேட்டு நிலத்துக்குத் தண்ணீர் கொண்டுபோக வெட்டிய வாய்க்கால். ஏறத்தாழ 148 கிலோமீட்டர் ஓடி, ஒரத்தநாடு, பட்டுக்கோட்டை, பேராவூரணி வழியே புதுக்கோட்டை மாவட்டத்து நாகுடிப் பக்கம் போய் முடிகிறது. சுமார் 2.27 லட்சம் ஏக்கர் அதன் ஆயக்கட்டு, அதாவது பாசனப் பரப்பு. புது டெல்டா என்று சொல்லப்படும் பகுதி இது.

இதன் வாலில் இருக்கும் ஊர்கள் கடைமடை. மேட்டூரில் தண்ணீர் திறந்து, கல்லணையில் பிரித்து, மேலே உள்ள மதகுகள் எல்லாம் குடித்து முடித்த பிறகு மிச்சம் இருந்தால்தான் இங்கே வாய்க்கால் நனையும். மேட்டூர் அணை வழக்கமாகத் திறக்க வேண்டிய நாள் ஜூன் 12. 2012 முதல் 2019 வரை எட்டு வருடத்தில் ஒரு வருடம்கூட அந்தத் தேதியில் திறக்கப்படவில்லை. 2017-இல் திறந்தது அக்டோபர் 2. இந்த லட்சணத்தில் கடைமடைக்காரன் நாற்று விட்டுவிட்டு வானத்தையும் வாய்க்காலையும் மாறிமாறிப் பார்த்துக்கொண்டு எத்தனை வருடம் உட்கார்ந்திருப்பான்? ஆழ்குழாய்க் கிணறு போட்டான். பம்புசெட்டுக்கு இலவச மின்சாரம் இருந்தது. நெல் வயலில் வரப்பை உடைத்துத் தென்னங்கன்று வைத்தான்.

தண்ணீர் மட்டும் காரணமில்லை. நடவுக்கும் அறுப்புக்கும் ஆள் கிடைப்பது அருகிக்கொண்டே வந்தது. வீட்டுக்கு ஒரு பையன் சிங்கப்பூரிலோ வளைகுடாவிலோ இருப்பான். ஊரில் இருப்பது வயதான அப்பாவும் அம்மாவும். அவர்களால் நெல்லைக் கட்டி மேய்க்க முடியாது. தென்னையைப் பார்த்துக்கொள்ள முடியும். தண்ணீர் பாய்ச்ச வேண்டும், வருடத்துக்கு இரண்டு முறை உரம் வைக்க வேண்டும், நாற்பத்தைந்து நாளுக்கோ இரண்டு மாதத்துக்கோ ஒரு முறை வெட்டுக்கு ஆள் சொல்ல வேண்டும். வெட்டு முடிந்த அன்று கையில் காசு. இந்த வட்டாரத்தில் தென்னை என்பது பயிருக்கும் மேலே, மாதச் சம்பளத்துக்குப் பதிலாக வீட்டில் இருந்த ஏற்பாடு. பெண் கல்யாணத்துக்கு வாங்கிய கடனும் பிள்ளைகளின் கல்லூரிக் கட்டணமும் வெட்டுக் கணக்கை வைத்துத்தான் போடப்பட்டன. வியாபாரியிடம் அடுத்த வெட்டுக்கு முன்பணம் வாங்கிச் செலவழிப்பதும் சகஜம்.

இதைக் குறையாகச் சொல்லவில்லை. தண்ணீர் வராத நிலத்தில் வாழ வழி தேடியவர்களின் அறிவான முடிவு அது. ஆனால் அந்த முடிவின் இன்னொரு முகத்தை கஜா காட்டியது. நெல் போனால் ஒரு போகம் போகும். அடுத்த தை பிறந்தால் மறுபடி தொடங்கலாம். தென்னை போனால் அப்படி இல்லை.

தென்னைக்கு என்ன நேர்ந்தது

மூன்று விதமாக மரங்கள் போயின. வேரோடு சாய்ந்தவை ஒன்று. நடுமரத்திலோ கொண்டைக்குக் கீழேயோ முறிந்தவை இன்னொன்று. மூன்றாவது வகைதான் கொடுமை: மரம் நேராக நிற்கும், காற்று கொண்டையை மட்டும் பிடித்துத் திருகிவிட்டுப் போயிருக்கும். மட்டைகள் ஒரு பக்கமாகச் சரிந்து, குருத்து வளைந்து, பார்ப்பதற்கு உயிரோடு இருப்பது போலவே இருக்கும். மாதம் சில போன பிறகு ஒவ்வொன்றாகப் பட்டுப்போகும்.

மரத்தின் உடம்பு எப்படிக் கட்டப்பட்டிருக்கிறது என்று தெரிந்தால்தான் இது புரியும். தென்னைக்கு உச்சியில் ஒரே ஒரு குருத்து. அது போனால் மாமரம்போல, வேம்புபோலப் பக்கக்கிளை விட்டுப் பிழைத்துக்கொள்ள வழியில்லை. புல் இனத்தைப் போல ஒருவித்திலைத் தாவரம் என்பதால் அடிமரத்தில் விழுந்த வெடிப்பைப் புதுப் பட்டை வந்து மூடாது. காயம் காயமாகவே இருக்கும். ஆணிவேரும் கிடையாது. ஆயிரக்கணக்கான சல்லிவேர்கள்தான், அவற்றிலும் பெரும்பாலானவை அடியிலிருந்து இரண்டு மீட்டர் வட்டத்துக்குள். நாற்பது அடி உயரத்தில் காய்க்குலையும் முப்பது மட்டையும் சுமக்கும் நெட்டை மரத்தை அந்த வேர்வட்டம்தான் பிடித்து நிறுத்துகிறது. அதே ஊரில் தோப்பு ஓரத்தில் நின்ற பனைகள் பெரும்பாலும் அசையாமல் நின்றன. வரப்போரப் பனையை வெட்டிச் செங்கல் சூளைக்கு அனுப்பிய ஊர்களில் இதை நினைக்கும்போது மனசு வலிக்கிறது.

இன்னொரு விஷயம் பலருக்குத் தெரியாது, ஆனால் இந்த ஆய்வின் முதுகெலும்பே அதுதான். தென்னையில் ஒவ்வொரு மட்டையின் கக்கத்திலும் ஒரு பாளை. அந்தப் பாளை வெளியே வந்து வெடிப்பதற்கு ஏறத்தாழ 32 மாதத்துக்கு முன்பே அதன் கரு குருத்துக்குள் உருவாகிவிடுகிறது. வெடித்த பிறகு குரும்பை முற்றிக் காயாக இன்னும் ஒரு வருடம். ஆக, இன்றைக்கு வெட்டில் இறங்கும் காயின் தொடக்கம் மூன்றரை வருடத்துக்கும் முன்னால் இருக்கிறது. வருடத்துக்குப் பன்னிரண்டு மட்டை அளவில்தான் மரம் புதிதாக விடும். கொண்டை முழுதாக நிரம்ப முப்பதுக்கு மேல் வேண்டும். அதனால் புயலில் பாதி மட்டையை இழந்து தப்பிய மரம்கூட அடுத்த இரண்டு மூன்று வருடத்துக்கு ஒழுங்காகக் காய்க்காது. நின்ற மரத்தைப் பார்த்து "இது தப்பிச்சிருச்சு" என்று சொல்லிவிட்டுப் போனவர்கள், அந்த மரம் மறுபடி காய்ப்புக்கு வர 2021, 2022 ஆகும் என்பதைக் கணக்கில் எடுக்கவில்லை.

விழுந்த மரத்தை எண்ணலாம், முறிந்த மரத்தை எண்ணலாம். கொண்டை திருகி நிற்கும் மரத்தை எந்தப் பத்தியில் எழுதுவது? கணக்கெடுப்பு புயல் முடிந்த கையோடு நடக்கிறது. மரமோ ஆறு மாதம் கழித்துச் சாகிறது.

மூன்று ஏக்கர் கணக்கு

கணக்குக்காக மூன்று ஏக்கர் தோப்பு ஒன்றை வைத்துக்கொள்கிறேன். இது குறிப்பிட்ட ஒரு வீட்டின் கதை இல்லை, ஆனால் அந்த வட்டாரத்தில் எந்த வீட்டுக்கும் பொருந்திப்போகும் அளவு. 2015-16 வேளாண் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் சராசரிப் பண்ணை அளவு 0.75 ஹெக்டேர், அதாவது இரண்டு ஏக்கருக்கும் குறைவு. அந்த வகையில் மூன்று ஏக்கர்க்காரர் கொஞ்சம் வசதியானவர்தான்.

இருபத்தைந்துக்கு இருபத்தைந்து அடி இடைவெளியில் ஏக்கருக்கு 70 மரம்; மூன்று ஏக்கரில் 210. மரத்துக்கு வருடம் 100 காய் என்று வைத்தால் 21,000 காய். காய்க்குப் பத்து ரூபாய் என்று தணிவாகவே போட்டாலும் வருடத்துக்கு 2,10,000 ரூபாய் வரவு. இதில் உரம், வெட்டுக்கூலி, உரிகூலி, பாத்தி கட்டும் செலவு போக மிச்சம் குடும்பத்துக்கு.

210 மரத்தில் 150 போய்விட்டது என்று கொள்வோம். வருடத்துக்கு 15,000 காய் இல்லை. 1,50,000 ரூபாய் வரவு இல்லை. நெட்டைக் கன்றை அடுத்த வருடமே வைத்தாலும் காய்ப்புக்கு வர ஆறு ஏழு வருடம். ஏழு வருடத்துக்குப் பத்தரை லட்சம் ரூபாய் வரவு காணாமல் போகிறது. மீதி 60 மரம் மூன்று வருடத்துக்கு அரைக்காய்ப்புதான் என்பதை இதில் நான் சேர்க்கவே இல்லை. குழி எடுத்து, கன்று வாங்கி, வேலி போட்டு, கோடையில் தண்ணீர் காட்டி வளர்க்கும் செலவும் இதற்கு வெளியே.

அரசு கொடுத்தது என்ன? விழுந்த தென்னை ஒன்றுக்கு 600 ரூபாய், அதை வெட்டி அப்புறப்படுத்த 500 ரூபாய், ஆக மரத்துக்கு 1,100 ரூபாய் என்று மாநில அரசு அறிவித்தது. ஹெக்டேருக்கு 175 மரம் என்ற கணக்கில் 1,92,500 ரூபாய். இங்கே நியாயமாகப் பேச வேண்டும். பேரிடர் நிவாரண நிதியின் அன்றைய வரையறைப்படி நெடுங்காலப் பயிருக்கு ஹெக்டேருக்கு 18,000 ரூபாய்தான், அதுவும் இரண்டு ஹெக்டேர் வரை. அந்த வரையறையைப் போலப் பத்து மடங்குக்கும் மேல் மாநிலம் கொடுத்தது. மாநிலம் கேட்டது ஏறத்தாழ 15,000 கோடி, மத்திய அரசு தேசியப் பேரிடர் நிதியிலிருந்து ஒதுக்கியது 1,146 கோடி என்ற பின்னணியில் பார்த்தால் அது சின்ன விஷயமில்லை.

ஆனாலும் நம் மூன்று ஏக்கர் வீட்டுக்கு வந்தது 150 மரத்துக்கு 1,65,000 ரூபாய். அதில் 75,000 மரத்தை வெட்டி இழுத்துப் போடவே ஒதுக்கப்பட்டது. பக்கத்து ஊர், அதற்குப் பக்கத்து ஊர் எல்லாவற்றிலும் மரம் கிடக்கும்போது விழுந்த மரத்தை விலைக்கு வாங்க ஆள் ஏது? அறுக்கும் மெஷினுக்கும் ஜேசிபிக்கும் வாடகை கொடுத்து அகற்ற வேண்டியிருந்தது. மிஞ்சிய 90,000 ஏழு மாதத்துக் காய்ப் பணம். தேவைப்பட்டது ஏழு வருடத்துக்கு.

மூன்று ரூபாய் ஐம்பது பைசா

இதைத்தான் என்னால் ஜீரணிக்கவே முடியவில்லை. கஜாவுக்குச் சுமார் ஒன்பது வருடத்துக்கு முன்பிருந்தே தென்னை வளர்ச்சி வாரியத்தின் தென்னை மரக் காப்பீட்டுத் திட்டம் நடைமுறையில் இருந்தது. 4 முதல் 15 வயது வரையுள்ள மரத்துக்கு வருடப் பிரீமியம் 9 ரூபாய், காப்பீட்டுத் தொகை 900. 16 முதல் 60 வயது வரை பிரீமியம் 14 ரூபாய், தொகை 1,750. பிரீமியத்தில் பாதியை வாரியம் கட்டும், கால்பங்கு மாநில அரசு, விவசாயி கட்ட வேண்டியது மீதிக் கால்பங்குதான். முதிர்ந்த மரம் ஒன்றுக்கு 3 ரூபாய் 50 பைசா.

210 மரத்துக்கு வருடம் 735 ரூபாய். ஒரு வெட்டில் உரிகூலிக்குப் போகும் காசைவிடக் குறைவு. கட்டியிருந்தால் 150 மரம் போனதற்கு, நிபந்தனைக் கழிவெல்லாம் போக, இரண்டரை லட்சம் அளவில் கிடைத்திருக்கும். நிவாரணத்தோடு சேர்ந்தால் நாலு லட்சம். ஏழு வருடப் பள்ளத்தை அது முழுதாக நிரப்பாது. ஆனால் வட்டிக்கு வாங்காமல் மூன்று வருடம் தள்ளியிருக்கலாம்.

பெரும்பாலான வீடுகள் அதில் சேர்ந்திருக்கவில்லை. விவசாயியை மட்டும் குறை சொல்ல எனக்கு மனசு வரவில்லை. நெல்லுக்குப் பயிர்க்காப்பீடு என்றால் கூட்டுறவு சங்கத்தில் கடன் வாங்கும்போதே பிடித்துக்கொள்வார்கள், ஊரெல்லாம் பேசும். தென்னைக் காப்பீட்டுக்கு அப்படி யாரும் வாசலுக்கு வந்து சொல்லவில்லை. மரத்தின் வயதை, எண்ணிக்கையை எழுதி, அலுவலரிடம் சான்று வாங்கி அனுப்ப வேண்டும். அதற்கு மேலே, தென்னை விழும் என்றே யாரும் நினைக்கவில்லை. அப்பா வைத்த மரம், மகனுக்குச் சோறு போடும், பேரன் காலத்திலும் நிற்கும் என்ற நம்பிக்கை. 1952-லும் 1955-லும் இதே கடற்கரையைப் புயல்கள் கிழித்ததை நேரில் கண்டவர்கள் மிகச் சிலரே மிச்சம் இருந்தார்கள்.

காகிதத்தில் இல்லாதவர்கள்

நிவாரணம் பட்டாதாரருக்குப் போகும். சிட்டா, அடங்கல், வங்கிக் கணக்கு மூன்றும் ஒரே பெயரில் இருந்தால் சிக்கல் இல்லை. ஆனால் சிறு பண்ணைக் குடும்பத்தில் அப்படி எத்தனை பேருக்கு இருக்கும்? தாத்தா பெயரில் கூட்டுப் பட்டா, பாகம் வாய்மொழியாகப் பிரித்தது, ஒரு அண்ணன் சிங்கப்பூரில், ஒரு தங்கை திருப்பூரில். அடங்கலில் இன்னும் நெல் என்றே இருக்கும் நிலத்தில் இருபது வருடத் தென்னை. இதையெல்லாம் விஏஓவிடம் விளக்கி, எல்லோர் கையெழுத்தும் வாங்கி முடிப்பதற்குள் மனசு விட்டுப்போகும்.

ஒத்திக்கும் குத்தகைக்கும் தோப்பு எடுத்தவர் நிலை இன்னும் மோசம். காய் அவருடையது, மரம் அவருடையது இல்லை. மரத்துக்கு வந்த பணம் உடைமையாளருக்கு. கட்டிய குத்தகைப் பணம் காற்றோடு.

பட்டாவே இல்லாதவர்களும் தோப்பில் வாழ்ந்தார்கள். மட்டையை ஊறப்போட்டுக் கீற்று முடைந்து விற்ற பெண்கள், விளக்குமாற்றுக்கு ஈர்க்கு கிழித்தவர்கள், காய் பறித்தவர்கள், உரித்தவர்கள், கயிறு ஆலைக்குப் போனவர்கள். புயலுக்குப் பின் சில மாதம் மரம் அகற்றும் வேலை இருந்தது. அதன் பிறகு ஒன்றும் இல்லை. ஒரு மரத்தை நம்பி எத்தனை கைகள் இருந்தன என்பதை எந்தப் படிவமும் கேட்கவில்லை.

கிடந்த மரத்திலிருந்து வந்தவை

அகற்றாமல் கிடந்த மரங்கள் அடுத்த ஆபத்தை வளர்த்தன. காண்டாமிருக வண்டு எருக்குழியில் முட்டையிடும் என்பது எல்லோருக்கும் தெரியும். மக்கிய தென்னந்தண்டிலும் இடும். வெளியே வந்த வண்டு பிழைத்து நிற்கும் மரத்தின் குருத்தைக் குடைகிறது, புதிதாக வைத்த கன்றை அழிக்கிறது. விரிந்த மட்டையில் கத்தரித்தது போல முக்கோண வெட்டு தெரியும். அந்தக் காயத்துக்குச் சிவப்புக் கூன்வண்டு வந்து சேர்கிறது; அது தண்டுக்குள் புகுந்தால் வெளியே தெரியும்போது மரம் முடிந்திருக்கும். புயலில் திருகிப்போன கொண்டைகள் இந்த இரண்டுக்கும் திறந்துவைத்த கதவு.

எருக்குழியில் வண்டின் புழுவைக் கொல்லும் மெட்டாரைசியம் பூஞ்சை கலப்பது, மட்டைக் கக்கத்தில் வேப்பம்புண்ணாக்கும் மணலும் வைப்பது, கூன்வண்டுக்கு இனக்கவர்ச்சிப் பொறி வைப்பது எல்லாம் பலன் தருபவைதான். ஆனால் ஒருவர் மட்டும் செய்து பயனில்லை. பக்கத்துத் தோப்பு வெளிநாட்டில் இருப்பவருடையதாகி, அங்கே நூறு மரம் கிடந்து மக்கினால் வண்டு வரப்பு பார்த்தா பறக்கும்? மரம் அகற்றக் கொடுத்த பணத்தில் ஒரு பகுதியைத் தனித்தனி வங்கிக் கணக்கில் போடாமல், ஊர் ஊராக மரம் அகற்றித் தூளாக்க இயந்திரங்களை இறக்கியிருந்தால் நின்ற மரங்களில் இன்னும் பலவற்றைக் காப்பாற்றியிருக்கலாம் என்பது என் உறுதியான எண்ணம்.

இந்த மண்ணுக்கே உரிய இன்னொரு பகையும் உண்டு. அதன் பெயரிலேயே ஊர் இருக்கிறது: தஞ்சாவூர் வாடல் நோய். 1952 நவம்பர் 30-இல் நாகப்பட்டினம் பக்கம் கரையேறிய பெரும்புயலை அடுத்துத்தான் இந்த நோய் தஞ்சை மாவட்டத்தில் கண்டறியப்பட்டது. கேனோடெர்மா என்ற பூஞ்சை. மண்ணிலும் பழைய அடிக்கட்டையிலும் வேரிலும் தங்கி, வேர் வழியே அடுத்த மரத்துக்குப் போகும். மணற்பாங்கான கடலோர மண்ணும் கோடையில் தண்ணீர் காட்டாத தோப்பும் அதற்கு வசதி. அடுத்தடுத்து மரம் விழுந்து அடிக்கட்டைகள் மண்ணுக்குள் கிடக்கும் தோப்பில் என்ன நடக்கும் என்பதற்கு இந்த மாவட்டத்தின் சொந்த வரலாறே சாட்சி. கஜாவுக்குப் பின் அடிக்கட்டையைத் தோண்டி எடுக்காமல், மேலோடு அறுத்துவிட்டு நடுவில் கன்று வைத்த தோப்புகளைப் பார்த்தால் எனக்குப் பயமாக இருக்கிறது.

எந்தக் கன்றை வைப்பது

மறுநடவில் வந்த கேள்வி எளிதானதல்ல. நெட்டை வைத்தால் அறுபது வருடம் நிற்கும்; ஏழு வருடம் காத்திருக்க வேண்டும். குட்டை மூன்று நான்கு வருடத்தில் பாளை விடும். ஆயுள் குறைவு, கவனிப்பு கூடுதல். நெட்டைக்கும் குட்டைக்கும் கலப்பான வீரிய ஒட்டு நாலைந்து வருடத்தில் காய்க்கும். பட்டுக்கோட்டைக்குப் பக்கத்திலேயே வேப்பங்குளத்தில் வேளாண் பல்கலைக்கழகத்தின் தென்னை ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. வேப்பங்குளம் 3 என்ற நெட்டை ரகமும் விஎச்சி 1, 2, 3 என்ற ஒட்டு ரகங்களும் அங்கிருந்து வந்தவைதான். ஆனால் ஒரே நேரத்தில் நாலு மாவட்டம் கன்று கேட்டால் எந்த நாற்றங்கால் தாங்கும்? தாய்மரம் எதுவென்று தெரியாத கன்றுகள் லாரியில் வந்து இறங்கின. தென்னங்கன்றில் ஏமாந்தது தெரிய ஏழு வருடம் ஆகும். விற்றவனைத் தேட முடியாது. ஆறு இலையாவது விட்டிருக்க வேண்டும், கழுத்து நல்ல பருமனாக இருக்க வேண்டும், இலை சீக்கிரமே கீற்றாகப் பிரிந்திருக்க வேண்டும் என்று பார்த்து வாங்கியவர்கள் கொஞ்சம் தப்பித்தார்கள்.

சீக்கிரம் வருமானம் வேண்டும் என்பதால் குட்டையும் ஒட்டும் பலருக்கு இனித்தது. அதே சமயத்தில் வெள்ளை ஈ வந்தது. 2016-இல் பொள்ளாச்சிப் பக்கம் முதலில் தென்பட்ட சுருள் வெள்ளை ஈ, கஜாவை அடுத்த வருடங்களில் இங்கேயும் பரவி, மட்டையெல்லாம் கரும்பூசணம் படிய வைத்தது. குட்டை ரகங்களையும் அவற்றின் கலப்பையும்தான் அது அதிகம் விரும்புகிறது. சீக்கிரம் காய்ப்பது எதுவோ அதையே ஈயும் தேடி வந்தது. மருந்து அடித்தால் என்கார்சியா என்ற ஒட்டுண்ணிக் குளவியும் சேர்ந்து சாகும். அந்தக் குளவிதான் வெள்ளை ஈயை அடக்கி வைப்பது. மஞ்சள் ஒட்டும் பொறி, தண்ணீரைப் பீய்ச்சி அடிப்பது, பொறுமை என்பதுதான் வழி. கடனில் இருப்பவரிடம் பொறுமையாக இருங்கள் என்று சொல்வது எவ்வளவு கஷ்டம் என்பதும் எனக்குத் தெரியும்.

தோப்பையே ஒரே வயது, ஒரே ரகமாக வைக்காமல் மூன்றில் ஒரு பங்கு ஒட்டு, மீதி நெட்டை என்று கலந்து, கிழக்கு ஓரத்தில் பனையும் சவுக்கும் வைத்தவர்கள் சரியாகச் செய்தார்கள் என்பேன். கன்று சிறிதாக இருக்கும் ஏழு வருடமும் வெயில் தாராளமாக விழும். உளுந்து, நிலக்கடலை, எள், காய்கறி, தண்ணீர் இருந்தால் வாழை எல்லாம் வரும். வாழையை ஊடுபயிராக வைத்தால் வாடல் நோயும் தணியும் என்று வேளாண் பல்கலைக்கழகம் நெடுநாளாகச் சொல்லி வருகிறது. ஏழு வருடப் பள்ளத்தில் ஒரு பகுதியை இதனால் மூட முடிந்தது. ஆனால் இதற்கு வீட்டில் வேலை செய்யும் உடம்பு வேண்டும். பிள்ளைகள் ஊரில் இல்லாத வீட்டில் தோப்பு தரிசாகக் கிடந்தது, அல்லது மனையாகப் பிரிந்தது.

தண்ணீருக்காகச் சேர்ந்தவர்கள்

கஜா வந்த 2018-இல் மேட்டூர் அணை நிரம்பி வழிந்தது. ஆகஸ்டில் முக்கொம்பு மேலணையின் மதகுகள் ஒன்பது வெள்ளத்தில் உடைந்தன. அதே வருடம் கடைமடையில் ஏரிகள் நிரம்பவில்லை. நிவாரணப் பொருள் கொண்டுபோய்க் கொடுக்கச் சேர்ந்த இளைஞர்கள் பலர், புயலுக்குப் பின் அணை நிரம்பியும் கடைமடை ஏரி ஏன் நிரம்பவில்லை என்ற கேள்விக்கு வந்து நின்றார்கள். பேராவூரணியில் கைஃபா என்ற கடைமடை விவசாயிகள் அமைப்பு அப்படி உருவாகி, 2019-இல் ஏறத்தாழ 560 ஏக்கர் பரப்புள்ள பெரியகுளத்தை மக்கள் பணத்தில் தூர்வாரத் தொடங்கியது. வெளிநாட்டில் இருந்த பிள்ளைகள் பணம் அனுப்பினார்கள். நிலத்தடி நீர் இருந்தால்தான் வைத்த கன்று நிற்கும், ஊடுபயிர் வரும். ஒருவன் தோப்பில் ஆயிரம் அடிக்குத் துளை போடுவதைவிட ஊர்க்குளம் நிரம்புவது நல்லது என்பதைப் புயல் ஒரு தலைமுறைக்குப் புரியவைத்தது.

2025

2025-இல் தேங்காய் விலை அதுவரை காணாத உயரத்துக்குப் போனது. அரவைக் கொப்பரைக்கு மத்திய அரசு வைத்த ஆதரவு விலை குவிண்டாலுக்கு 11,582 ரூபாய். சந்தையில் அதைப்போல ஒன்றரை மடங்கு, இரண்டு மடங்கு வரை விற்றது. 2019 மழைக்கு ஒட்டுக்கன்று வைத்துக் காப்பாற்றியவர் வீட்டில் அப்போது வெட்டு நடந்துகொண்டிருந்தது. நெட்டை வைத்தவர் தோப்பில் முதல் பாளைகள் வெடித்தன. கடனுக்குப் பயந்து நிலத்தை விற்றவர், அந்தத் தோப்பில் இன்னொருவர் காய் ஏற்றுவதைச் சாலையில் நின்று பார்த்தார். மூன்று பேருக்கும் கிடைத்தது மரத்துக்கு அதே 1,100 ரூபாய் நிவாரணம்தான். நடுவில் இருந்த வருடங்களைத் தாண்ட யாரிடம் என்ன இருந்தது என்பதில்தான் வேறுபாடு.

நிவாரணத்தை ஒரே தவணையாக மரத்துக்கு இவ்வளவு என்று கொடுப்பதற்குப் பதிலாக, அகற்ற ஒரு தொகை உடனே, கன்று நட்டு முதல் வருடம் பிழைத்தால் ஒரு தொகை, காய்ப்புக்கு வரும் வரை வருடாவருடம் ஏக்கருக்கு ஒரு சிறு தொகை என்று பிரித்திருந்தால் அந்த மூன்றாமவர் நிலத்தை விற்றிருக்க மாட்டார் என்றே நினைக்கிறேன். அடுத்த புயலுக்கு முன் இந்த விதியை எழுதிவைக்க நேரம் இருக்கிறது. காப்பீட்டில் சேரவும்தான்: 2019-இல் வைத்த மரங்கள் எல்லாம் இப்போது நாலு வயதைத் தாண்டிவிட்டன.

அந்த மரங்களுக்கு இன்னொரு வேலையும் பாக்கி இருக்கிறது. பழைய அடிக்கட்டைக்குப் பக்கத்தில் வைத்த கன்று யாரிடமாவது இருந்தால், மழைக்கு முன் ஒரு நாள் தோப்புக்குள் குனிந்து நடந்து ஒவ்வொரு அடிமரத்தையும் பாருங்கள். செம்பழுப்பாகக் கசிவு தெரிகிறதா, அடியில் தட்டுத்தட்டாகக் காளான் பூத்திருக்கிறதா, கீழ்மட்டைகள் மஞ்சளாகித் தொங்குகின்றனவா என்று பாருங்கள். மரத்துக்கு 5 கிலோ வேப்பம்புண்ணாக்கு இந்த வருடமே வையுங்கள். நோய் தெரிந்த மரத்தைச் சுற்றி வாய்க்கால் எடுத்துத் தனியாக்குங்கள், கட்டையை வேரோடு தோண்டி எரியுங்கள். 1952 புயலுக்குப் பின் நம் பாட்டன்மார் தோப்பில் இதைச் செய்யச் சொல்ல அன்றைக்கு யாருக்கும் தெரிந்திருக்கவில்லை.